ஒரே ஒரு விதியை மாற்றி ஓர் உலகம் கட்டுவது எப்படி

"அத்தை, அந்த ஊர்ல அவசரமா வந்தா எங்க போவாங்க?"

என் அண்ணன் மகன் கேட்ட இந்த ஒரு கேள்வியில் என் மூன்று மாத உழைப்பு கவிழ்ந்தது. அப்போது அவனுக்கு ஒன்பது வயது. ஞாயிறு இரவுகளில் நாங்கள் ஐந்து பேர் உட்கார்ந்து பகடை உருட்டி ஒரு கதை விளையாட்டு ஆடுவோம். நான்கு பேர் பாத்திரங்களாக ஆடுவார்கள், உலகத்தை நான் நடத்துவேன். அதற்காக நாற்பது பக்கத்துக்கு ஒரு மாய உலகம் எழுதி, பெருமையாக அவனுக்குப் படித்துக் காட்டிக்கொண்டிருந்தேன். மிதக்கும் மலைகள், ஊதா வானம், மேல்நோக்கி ஓடும் ஆறு, நடை வேகத்தில் நகரும் வெளிச்சம், நிழலுக்கு எடை. எல்லாம் இருந்தது. மேல்நோக்கி ஓடும் ஆற்றங்கரையில் ஒரு மனிதன் காலைக்கடனை எங்கே கழிப்பான் என்பதற்கு மட்டும் பதில் இல்லை.

கணக்கு எழுதுவது என் பிழைப்பு. ஒரு பக்கம் எழுதினால் எதிர்ப்பக்கம் எழுதியே ஆகவேண்டும் என்பது கையிலேயே ஊறிப்போன பழக்கம். இந்த நாற்பது பக்கத்தில் வரவு மட்டும்தான் இருந்தது, பற்று ஒன்றுகூட இல்லை. அதைக் கிழித்துவிட்டு, ஒரு நீள நோட்டில் நடுவே கோடு போட்டு மறுபடி தொடங்கினேன். இடது பக்கம் நான் மாற்றிய விதி, வலது பக்கம் அதனால் வரும் செலவு. விசித்திரமான இயற்பியல் கொண்ட உலகம் ஒன்றைக் கதைக்கோ விளையாட்டுக்கோ கட்ட நினைப்பவர்களுக்கு அந்த நோட்டின் முறையைத்தான் சொல்லப்போகிறேன்.

முதல் வேலை, ஒரே ஒரு விதியைத் தேர்ந்தெடுப்பது. இரண்டு கூடாது. இரண்டு விதிகளை மாற்றினால் இரண்டும் ஒன்றோடொன்று எப்படி முட்டிக்கொள்ளும் என்று பார்ப்பதே முழுநேர வேலையாகிவிடும்.

எந்த விதி என்பதில் எனக்குச் சொந்த அபிப்பிராயம் உண்டு. பலரும் அளவை மாற்றுவார்கள்: ஈர்ப்பு பாதி, ஒலி இரண்டு மடங்கு வேகம். அதில் தவறில்லை, ஆனால் சீக்கிரம் தீர்ந்துபோகும். ஈர்ப்பைப் பாதியாக்கினால் ஆட்கள் இரண்டு மடங்கு உயரம் தாண்டுவார்கள். விலங்குகள் இன்னும் பெரிதாகலாம், ஏனென்றால் உடலின் நீளம் இரண்டு மடங்கானால் எடை எட்டு மடங்காகும், எலும்பின் வலிமை நான்கு மடங்குதான் ஆகும். கலிலியோ 1638இலேயே இதை எழுதி, பெருத்த எலும்பு ஒன்றைப் படமும் போட்டிருக்கிறார். இதற்குமேல் என்ன? அரைமணி நேரத்தில் ஆட்டம் சாதாரணமாகிவிடும். பனிக்கட்டி நீரில் மூழ்கும் என்று மாற்றினால் இதைவிடக் கொஞ்சம் தேறும்: ஏரிகள் அடியிலிருந்து உறையத் தொடங்கும், மீன் குளிர்காலத்தைத் தாண்டாது. ஆனால் அதுவும் குளிர்காலத்துக் கதைதான்.

வெளிச்சத்தை மெதுவாக்கும் ஆசை எல்லாருக்கும் ஒருமுறை வரும். எனக்கும் வந்தது. நம் உலகில் வெற்றிடத்தில் ஒளி வினாடிக்கு 29,97,92,458 மீட்டர் போகிறது. 1999இல் லீனே ஹாவ் என்ற இயற்பியலாளரின் குழுவினர், கடுங்குளிரில் வைத்த சோடியம் வாயுவுக்குள் ஓர் ஒளித்துடிப்பை வினாடிக்கு 17 மீட்டர் வரை இறக்கிக் காட்டினார்கள். அதாவது மணிக்கு 61 கிலோமீட்டர். அது அந்த வாயுவுக்குள் மட்டும் நடந்த சங்கதி. நான் உலகம் முழுக்க வினாடிக்கு ஒரு மீட்டர் என்று வைத்தேன். பத்து மீட்டர் தள்ளி நிற்பவன் வில்லை வளைப்பது எனக்குப் பத்து வினாடி கழித்துத் தெரியும். அம்பு அதற்குமுன் வந்து குத்திவிடும். கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் சண்டையில் ஒவ்வொரு வரிக்கும் யார் எங்கே நிற்கிறார், எப்போது பார்க்கிறார் என்று கணக்குப் போட வேண்டியிருந்தது. முதல் சண்டையிலேயே நான்கு பேரும் கைபேசியை எடுத்துவிட்டார்கள். மேசையில் நடத்த முடியாத விதி, எவ்வளவு அழகாக இருந்தாலும் எனக்கு வேண்டாம்.

என் அனுபவத்தில் நன்றாக உழைப்பது திசையை மாற்றும் விதிதான். திசை மாறினால் அது படுக்கையறை, அடுக்களை, கழிவறை எல்லாவற்றுக்குள்ளும் நுழையும். என் உலகத்துக்குப் புரள்வெளி என்று பெயர் வைத்தேன். நான் எடுத்துக்கொண்ட விதியை நோட்டில் இருப்பது போலவே தருகிறேன்:

"புரள்வெளியில் 'கீழே' என்ற திசை நாளுக்கு ஒரு சுற்று சுற்றும். கிழக்கு மேற்காக, மணிக்கு 15 பாகை. இழுக்கும் பலம் நம் பூமியில் இருப்பதே. வடக்கும் தெற்கும் ஒருபோதும் கீழாகாது."

நான்கு வாக்கியம், ஓர் எண். அந்த எண் இல்லாமல் தொடங்காதீர்கள். "கீழ்த்திசை மெல்லச் சுழலும்" என்று மட்டும் எழுதியிருந்தால் எந்தக் கேள்விக்கும் என் வாய்க்கு வந்ததைத்தான் பதிலாகச் சொல்லியிருப்பேன். 15 பாகை என்று எழுதிய பிறகு பதிலை நான் சொல்லவேண்டியதில்லை, கணக்கே சொல்லிவிடும்.

அடுத்த வேலை, அந்த எண்ணை அங்கே வாழ்பவன் பயன்படுத்தும் அளவுக்கு மாற்றுவது. பாகை யாருக்குப் புரியும்? எனக்கு வேண்டியது நேரம். தரை சரியாகச் சமமாக இருக்கும் நொடியில் ஒரு பொருளை வைக்கிறேன். தரை மணிக்கு 15 பாகை சாய்ந்துகொண்டே போகிறது. எப்போது சறுக்கும்? பள்ளிக்கூடத்து உராய்வுக் குணகம் இங்கேதான் கைகொடுக்கிறது. சறுக்கத் தொடங்கும் சாய்வின் டேன்ஜென்ட்தான் அந்தக் குணகம். மரத்தின்மேல் மரம் என்றால் 0.5 என்று வைத்துக்கொள்ளலாம், 26.6 பாகை வரும். ஆறு மணிக்கு வைத்த மரப்பெட்டி 7.46க்குக் கிளம்பும். காய்ந்த மணற்குவியல் 34 பாகை வரை தாங்கும், 8.16க்குச் சரியும். ரப்பர் அடி வைத்த செருப்பு, சொரசொரப்பான தரையில், 8.35 வரை நிற்கும். பனிக்கட்டிமேல் வைத்த இரும்புத் தட்டு ஏழே நிமிடம். கோலிக்குண்டும் தண்ணீரும் ஒரு நொடிகூட நிற்காது.

இதை எழுதி முடித்த அன்றுதான் அந்த உலகம் எனக்கு நிஜமானது. அங்கே யாரும் "இது எவ்வளவு கனம்?" என்று கேட்கமாட்டார்கள், "இது எவ்வளவு நேரம் நிற்கும்?" என்றுதான் கேட்பார்கள். சந்தையில் ஒரு பெட்டியைத் தூக்கிக் காட்டி "ஒன்றே முக்கால் மணிப் பெட்டி" என்பார்கள். உயரமான பெட்டி சறுக்கும் முன்பே கவிழும், ஆகவே அங்கே அலமாரி கிடையாது. எட்டு மணி நேரம் தூங்கினால் தரை 120 பாகை திரும்பியிருக்கும். ஆகவே பாயும் கிடையாது. வடக்கு தெற்காக ஒரு கம்பி, அதில் தொங்கும் தூளி. கம்பி அசையாது, தூளி தானாகவே கீழைத் தேடிக்கொள்ளும். கப்பல்களில் அடுப்பைச் சுழலும் அச்சில் மாட்டி வைப்பார்களே, அதே வேலை. விளக்கும் அப்படியே, குழம்புச் சட்டியும் அப்படியே.

இப்போது ஒரு குறுக்குவழி. எனக்கு இது தாமதமாகத்தான் தோன்றியது, உங்களுக்கு முதலிலேயே சொல்லிவிடுகிறேன். உங்கள் விசித்திர விதிக்குச் சமமான சாதாரணப் பொருள் ஒன்று வீட்டில் இருக்கிறதா என்று தேடுங்கள். கீழ்த்திசை சுற்றுகிறது என்பதும், கீழ்த்திசை அப்படியே இருக்க உலகம் சுற்றுகிறது என்பதும் உள்ளே இருப்பவனுக்கு ஒன்றுதான். அப்படியானால் புரள்வெளி என்பது படுக்கவைத்து உருட்டிய ஒரு பாட்டில். கட்டட வேலையில் கலவை கலக்கும் சுழலும் உருளை. நாளுக்கு ஒரு சுற்று என்பதால் ரொம்பச் சோம்பேறியான உருளை, அவ்வளவுதான்.

அரை லிட்டர் பிளாஸ்டிக் பாட்டில் ஒன்றை எடுத்தேன். கால்வாசித் தண்ணீர், ஒரு கரண்டி மணல், தக்கைத் துண்டு ஒன்று. மூடி, மேசைமேல் படுக்கவைத்து, விரல் நுனியால் மெல்ல உருட்டினேன். இதை நீங்கள் செய்தே ஆகவேண்டும், கற்பனை செய்தால் போதாது. நான் கற்பனை செய்தபோது தண்ணீர் சுவரோடு சேர்ந்து மேலே ஏறியது. நிஜத்தில் தண்ணீர் அசையவே இல்லை. அடியில் அது பாட்டுக்கு இருந்தது, அதற்குக் கீழே சுவர் நழுவிப் போய்க்கொண்டிருந்தது. தக்கையும் அப்படியே, நீர்மேல் நிம்மதியாக. மணலில் ஒரு பகுதி ஈரத்தில் சுவரோடு ஒட்டிக்கொண்டு ஏறிப்போய், ஒரு கட்டத்தில் பொலபொலவென்று விழுந்தது. நான் எதிர்பார்க்காத இன்னொன்றும் நடந்தது. நனைந்த சுவர் மேலே போனதும் உச்சியில் சின்னச் சின்னத் துளிகள் தொங்கின. சில மில்லிமீட்டர் அளவுக்குள் இருக்கும் துளியைப் பரப்பு இழுவிசை விடாமல் பிடித்துக்கொள்ளும். துளிகள் ஒன்றோடொன்று சேர்ந்து பெருத்ததும் ஒவ்வொன்றாகச் சொட்டின. என் உலகத்துக்கு மழை கிடைத்துவிட்டது. அதை நான் கண்டுபிடிக்கவில்லை, பாட்டில் தந்தது.

இனி சொல்லப்போவது வலித்த பகுதி.

புரள்வெளியின் முதல் வரைவில் திறந்த வானம் இருந்தது. தரை ஒரு பக்கம், மறுபக்கம் எல்லையில்லாத வெளி. நாளின் பாதி நேரம் வானம்தான் கீழே. கை நழுவியவன் வானத்துக்குள் விழுவான். எவ்வளவு தூரம்? காற்றில் விழும் மனிதன் முற்றுத்திசைவேகத்தை, அதாவது காற்றின் தடையால் அதற்குமேல் கூடாத வேகத்தை, எட்டிவிட்டால், உடலைப் பரப்பி விழும்போது, மணிக்கு 200 கிலோமீட்டர் அளவில்தான் போவான். விழும் திசையோ நாளுக்கு ஒரு சுற்று சுற்றுகிறது. ஒரே வேகத்தில் போய்க்கொண்டே திசை மட்டும் சீராகத் திரும்பினால் பாதை ஒரு வட்டம். 24 மணிக்கு 4,800 கிலோமீட்டர் சுற்றளவு, சுமார் 1,500 கிலோமீட்டர் குறுக்களவு. அதாவது விழுந்தவன் மறுநாள் அதே நேரத்துக்கு, கிளம்பிய இடத்துக்குப் பக்கத்திலேயே திரும்பி வந்து சேருவான்!

இதைப் போட்டுப் பார்த்த இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. விழுந்தவர்களுக்காக மறுநாள் வலை விரித்துக் காத்திருக்கும் குடும்பங்கள். சோறும் தண்ணீரும் இடுப்பில் கட்டிக்கொண்டு வேண்டுமென்றே குதிக்கும் இளவட்டங்கள். பத்துப் பக்கம் எழுதிவிட்டேன்.

ஞாயிற்றுக்கிழமை படித்துக் காட்டினேன். எங்களில் அதிகம் பேசாத ஒருத்தி பகடையை உள்ளங்கையில் உருட்டிக்கொண்டே கேட்டாள்: "எல்லாம் விழுது, சரி. காத்து ஏன் விழல?"

ஒரு கனமீட்டர் காற்று 1.2 கிலோ எடை. அதையும் ஈர்ப்பு இழுக்கும். பூமியில் அதைத் தரை தாங்குகிறது. அடியே இல்லாத வெளியில் காற்றும் மனிதனோடு சேர்ந்தே விழும். அப்புறம் தடை ஏது, முற்றுத்திசைவேகம் ஏது, வட்டம் ஏது? சரி, 1,500 கிலோமீட்டருக்கு அப்பால் ஒரு சுவர் வைத்து அடைத்துவிடலாமா என்று பார்த்தேன். நம் காற்றில் மேலே போகப்போக ஒவ்வொரு ஐந்தரை கிலோமீட்டருக்கும் அழுத்தம் கிட்டத்தட்டப் பாதியாகிவிடும். அவ்வளவு பெரிய வெளியில் காற்று முழுக்க ஒரு பக்கத்தில் போய் மெல்லிய படலமாகத் தேங்கும். அந்தத் தேக்கம் நாளுக்கு ஒருமுறை உலகைச் சுற்றி வரும்போது வீசும் புயலில் வலை விரிக்க ஆள் இருக்கமாட்டான்.

"காற்றுக்கு மட்டும் இந்த விதி பொருந்தாது" என்று ஒரு வரி எழுதினால் தப்பித்திருக்கலாம். எழுதிப் பார்த்தேன், அடித்துவிட்டேன். முதல் பொய்யைக் காப்பாற்ற இரண்டாவது பொய் வந்தால் பிறகு மூன்றாவதும் வரும். என் தொழிலில் அதற்கு வேறு பெயர், தண்டனையும் உண்டு. பத்துப் பக்கமும் போயிற்று. உங்களுக்கும் இப்படி ஒன்று வரும். மிக அழகான விளைவு ஒன்று உங்கள் சொந்த விதியாலேயே செத்துப்போகும். அதைக் கிழித்துப் போடாமல் நோட்டின் கடைசியில் வைத்திருங்கள், வேறு உலகத்துக்கு ஆகும்.

ஒரு விலக்கு மட்டும் எனக்கு உடன்பாடு. நீங்கள் மாற்றிய விதியோடு உரசாத விஷயத்துக்கு மாயத்தைத் தாராளமாகக் கூப்பிடலாம். என் உலகின் வெளிச்சம் பாறையில் வளரும் ஒருவகைப் பூஞ்சையிலிருந்து வருகிறது. அது எப்படி அவ்வளவு பிரகாசமாக எரிகிறது என்று யாரும் கேட்டதில்லை, நானும் வாயைத் திறக்கவில்லை.

வானத்தை மூடியபிறகு மிஞ்சியது பாட்டில்தான். இப்போது புரள்வெளி என்பது திடமான பாறைக்குள் வடக்கு தெற்காக ஓடும் ஒரு குகைக்குழல். குறுக்களவு 300 மீட்டர். இந்த அளவில் அடிக்கும் உச்சிக்கும் காற்றழுத்தம் மூன்றரை விழுக்காடு அளவில்தான் வித்தியாசப்படும், காற்று பேசாமல் கிடக்கும். அடியில் ஓர் ஏரி, 100 மீட்டர் அகலம், நடுவே எட்டரை மீட்டர் ஆழம். குழலின் சுற்றளவு 942 மீட்டர். அதை 24ஆல் வகுத்தால் 39. ஏரி சுவரின்மேல் மணிக்கு 39 மீட்டர் ஊர்கிறது. சுவரில் எந்த இடத்தில் நின்றாலும் நாளுக்கு ஒருமுறை, இரண்டு மணி 36 நிமிடம், அந்த இடம் நீருக்கடியில் இருக்கும். அதற்கு நேர் பன்னிரண்டு மணி தள்ளி அதே இடம் உச்சந்தலைக்கு மேல் கூரை.

இங்கே எங்கே குடியிருப்பீர்கள்? நான் முதலில் சுவரில் வீடு குடைந்தேன். பாட்டிலில் இருந்த தக்கை ஞாபகம் வந்ததும் அதை மூடிவிட்டேன். படகுதான் வீடு. படகு எப்போதும் சமமாக நிற்கும், உலகம் அதன் அடியில் ஒரு சுற்றுப் போய்வரும். படகில் பிறந்து படகிலேயே இருக்கும் கிழவிக்குத் தன் உலகில் ஏதோ விசித்திரம் இருப்பதே தெரியாது. கரையில்தான் எல்லாச் சங்கடமும். முன்கரை இன்னும் ஒரு மணியில் மூழ்கும், பின்கரை இப்போதுதான் நனைந்து எழுந்தது. பின்கரைப் பாசி நீரைக் குடித்துக்கொண்டு மேலே போகும், சுவர் தலைகீழாகச் சாயும்போது சொட்டத் தொடங்கும். படகின்மேல் பெய்யும் மழை பன்னிரண்டு மணி நேரத்துக்கு முன் அதே படகின் அடியில் இருந்த தண்ணீர்.

செடி எப்படி வளரும் என்று யோசித்தபோது ஒரு பழைய சோதனை கைகொடுத்தது. 1806இல் தாமஸ் ஆண்ட்ரூ நைட் என்பவர் நீர்ச்சக்கரத்தின் விளிம்பில் விதைகளைக் கட்டிச் சுழலவிட்டார். வேர்கள் சக்கரத்தின் வெளிப்புறமாகவும் தளிர்கள் மையத்தை நோக்கியும் வளர்ந்தன. வேர் மண்ணைத் தேடிப் போவதில்லை, தன்னை இழுக்கும் திசையைத்தான் தேடுகிறது. நைட்டின் சக்கரம் வேகமாகச் சுழன்றதால் விசை எப்போதும் வெளிப்புறமாகவே இருந்தது. என் உலகமோ மெதுவாகத் திரும்புகிறது, செடிக்குத் திரும்பி வளைய நேரம் இருக்கிறது. அதன் நுனி மேல்திசையைத் துரத்திக்கொண்டே போகும், நாளுக்கு ஒரு வளையம் போடும். தன்மேலேயே முட்டாமல் இருக்கப் பக்கவாட்டில் கொஞ்சம் ஒதுங்கும். ஆக, புரள்வெளிச் செடி ஒவ்வொன்றும் ஒரு சுருள்வில். வளையத்தை எண்ணினால் வயது நாள்கணக்கில் தெரியும். குழந்தைக்கு எண் கற்றுக்கொடுக்க அதைத்தான் கொடுப்பார்கள் என்று எழுதி வைத்திருக்கிறேன்.

இப்போது என் அண்ணன் மகனுக்குப் பதில். ஏரியில் போக முடியாது, குடிக்கும் தண்ணீர் அதுதான். முன்கரையில் போனால் ஒரு மணியில் ஏரி வந்து அள்ளிக்கொள்ளும். பின்கரையில் போனால் சுவர் சாயும்போது சறுக்கி ஏரிக்கே வந்துவிடும். எங்கு சுற்றினாலும் ஏரிதான். ஒரே வழி: தோல்பை. பின்கரையில், நீர் இப்போதுதான் விலகிய பாறையில், ஆணியடித்துப் பையை இறுக்கிக் கட்டவேண்டும். அது 21 மணி நேரம் சுவரோடு ஊர்வலம் போய், காய்ந்து, முன்கரைக்கு வந்துசேரும். மூழ்கும் முன் எடுத்துப் பாசிக்கு உரமாகப் போட்டுவிடலாம். நடுவே ஒரு சின்ன விஷயம். எல்லாப் பைகளும் நாளுக்கு ஒருமுறை, 290 மீட்டர் உயரத்தில், எல்லாப் படகுகளுக்கும் நேர் மேலே கடந்துபோகும்.

இதிலிருந்து அந்த ஊரின் சட்டம், மரியாதை, வசவு எல்லாம் வந்துவிட்டன. அங்கே பெரிய மனிதர் என்றால் முடிச்சுப் பார்ப்பவர். பெண் கேட்டு வருபவனிடம் கயிற்றைக் கொடுத்து ஒரு முடிச்சுப் போடச் சொல்வார்கள். "உன் முடிச்சு அவிழ" என்பதுதான் கொடிய சாபம். நான் உட்கார்ந்து பண்பாடு எதையும் கற்பிக்கவில்லை. கழிவறைக் கேள்விக்கு நேர்மையாகப் பதில் எழுதினேன், பண்பாடு அதன் பின்னால் வந்தது. ஆகவே உங்கள் உலகில் கோயிலையும் அரண்மனையையும் முதலில் கட்டாதீர்கள். ஒருவனை விடியலில் எழுப்பி, மறுபடி தூங்கும் வரை மணிக்கு மணி பின்தொடருங்கள். எழுந்ததும் எதைப் பிடித்துக்கொண்டு நிற்கிறான், தண்ணீரை எதில் மொள்கிறான், நெருப்பை எங்கே வைக்கிறான், குழந்தையை எங்கே விடுகிறான். ஒரு நாள் முடிந்தால் நோட்டின் வலது பக்கம் நிரம்பிவிடும்.

காசு யாரிடம் இருக்கும் என்றும் பார்த்துவிடுங்கள், பலர் இதை விட்டுவிடுவார்கள். கணிதவியலாளர் எமி நோதர் 1918இல் வெளியிட்ட தேற்றம் ஒன்று உண்டு. இயற்கையின் விதி எல்லா நேரத்திலும் ஒன்றாகவே இருந்தால்தான் ஆற்றல் கூடாமல் குறையாமல் காக்கப்படும் என்பது அதிலிருந்து வருகிறது. என் விதி நேரத்தோடு திரும்புகிறது. ஆக அங்கே ஆற்றல் சும்மா கிடைக்கவேண்டும். கிடைக்கிறதா? இரண்டு மீட்டர் கையில் ஒரு டன் எடையைத் தொங்கவிட்டு அதைக்கொண்டு சக்கரம் சுற்றிப் பார்த்தேன், உச்சத்திலேயே ஒன்றரை வாட்கூடத் தேறவில்லை. அவ்வளவு மெதுவாகச் சுற்றுகிறது உலகம். அப்பாடா என்று இருந்தது. ஆனால் சுவரில் தொட்டி கட்டினால் கதை வேறு. ஏரி கடக்கும்போது தானாக நிரம்பும் தொட்டி, மூடியோடு 290 மீட்டர் மேலே போய்ச்சேரும். ஒரு டன் தண்ணீரை அங்கிருந்து குழாய்வழி இறக்கினால், இழப்பைக் கழிக்காமல், கிட்டத்தட்ட 0.8 யூனிட் மின்சாரத்துக்குச் சமமான ஆற்றல். ஆயிரம் டன் தொட்டி வைத்திருப்பவனுக்கு நாளுக்கு 800 யூனிட். ஆலை அவனுடையது, பட்டறை அவனுடையது. படகுக்காரர்களின் தலைக்கு மேலே தினமும் அவன் தொட்டி போய்வரும். கதையில் பகை எங்கே என்று நான் தேடவேண்டியிருக்கவில்லை.

கணக்கெல்லாம் உங்களுக்கு. ஆட வருபவர்களிடம் அதைச் சொல்லாதீர்கள். நான் முதல் ஆட்டத்தில் பதினைந்து நிமிடம் ஈர்ப்பு விளக்கம் கொடுத்து ஒருவரைத் தூங்கவைத்தேன். இரண்டாம் முறை ஒன்றும் சொல்லவில்லை. "ஒரு குகையில் கண் விழிக்கிறீர்கள். பக்கத்தில் உங்கள் மரப்பெட்டி. அது மெல்ல நகர்கிறது" என்றேன். ஐந்தே நிமிடத்தில் நான்கு பேரும் கயிறு தேடத் தொடங்கிவிட்டார்கள்.

மேசையில் எனக்கு ஒரே ஒரு கருவி போதும். சாப்பாட்டுத் தட்டு அளவுக்கு வட்டமாக வெட்டிய அட்டை, விளிம்பில் 24 கோடு. நடுவில் குண்டூசி, அதில் நூல், நூல் நுனியில் ஒரு நட்டு. அட்டையை நிறுத்திப் பிடித்தால் நூல் எப்போதும் கீழே தொங்கும். கதையில் ஒரு மணி நேரம் போனால் அட்டையை ஒரு கோடு திருப்புவேன். எது எங்கே கட்டியிருக்கிறதோ அங்கே பென்சிலால் புள்ளி. புள்ளி நூலுக்கு நேர் எதிரே வந்தால் அது உச்சியில் இருக்கிறது. கட்டாத பொருளுக்குப் பகடையே கிடையாது, உராய்வுப் பட்டியலில் நேரம் பார்த்து விழவைப்பேன். கட்டிய பொருளுக்கு மட்டும், உச்சிக்கு வரும்போது ஒரு பகடை. ஒன்று விழுந்தால் முடிச்சு அவிழும். நல்ல முடிச்சு என்றால் இரண்டு பகடையிலும் ஒன்று விழவேண்டும், அதாவது முப்பத்தாறில் ஒரு வாய்ப்பு.

போன ஞாயிறு, காற்றைப் பற்றிக் கேட்டாளே அவளேதான், பின்கரையில் தன் பையைக் கட்டினாள்.

"என்ன முடிச்சு போட்ட?" என்று கேட்டேன்.

"சும்மா ஒரு முடிச்சுதான். அவசரம்."

அட்டையில் புள்ளி வைத்தேன். அவர்கள் படகில் போய் உட்கார்ந்து தொட்டிக்காரனோடு பேரம் பேசத் தொடங்கினார்கள். பேரம் நீண்டுகொண்டே போனது. நான் ஒன்றும் சொல்லாமல் ஒவ்வொரு கோடாகத் திருப்பிக்கொண்டிருந்தேன். பதினோராவது கோட்டில் அவள் பேச்சை நிறுத்திவிட்டு அட்டையைப் பார்த்தாள்.